பக்கத்து வீட்டு முடிசூடா மன்னன்

1

போன அக்டோபரில் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம், எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியவர் கத்திக்குத்துப்பட்டு இறந்துபோவதை டிவியில் பார்த்தேன். மறுநாள் காலை ஏழு மணிக்கு அவர் வழக்கம்போலக் குப்பைத்தொட்டியைத் தெருவுக்கு இழுத்துக்கொண்டு வந்தார்.

நான் பார்த்தது ஒரு பழைய ஜப்பானியத் துப்பறியும் தொடர். நானாக விரும்பிப் போகவில்லை. ரத்த அழுத்தம் ஏறுகிறது, கொஞ்ச நாளைக்குச் செய்தி பார்க்காதீர்கள் என்று டாக்டர் சொல்லியிருந்தார். வேறு எதைப் போட்டாலும் என் மனைவி சித்ரா, "இதைத்தான் பாத்தாச்சே" என்றுவிடுகிறாள். அவள் பார்த்திருக்க வழியே இல்லாத ஒன்றைத் தேடித்தேடி ஜப்பானில் போய் நின்றேன். முதல் பகுதியிலேயே ஒரு ரயில்வே ஊழியர், பார்க்கக்கூடாத நேரத்தில் ஒரு சூட்கேஸைப் பார்த்துவிட்டு, கத்திக்குத்துப்பட்டுப் பிளாட்பாரத்தில் விழுந்து செத்தார். ஆள் இளைஞர்தான். ஆனால் அந்தக் காது எனக்குத் தெரியும். மேல்விளிம்பு வெளிப்பக்கமாக மடிந்த இடதுகாது. மூன்று வருடமாக வேலிக்கு மேலே நான் பார்த்துவரும் காது.

"சித்ரா, சீக்கிரம் வா! பக்கத்து வீட்டுக்காரரைக் குத்திட்டாங்க!"

சமையலறையிலிருந்து குரல் மட்டும் வந்தது. "நைன் ஒன் ஒன் கூப்ட்டீங்களா?"

கலிஃபோர்னியாவின் பிளசன்டனில் எங்கள் தெருவாசிகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது புதன்கிழமை காலையில்தான், குப்பைவண்டியின் தயவில். அவருக்கும் எனக்கும் அதுவரை இருந்த உறவு, ஆளுக்கொரு தொட்டியை இழுத்துவந்து வைத்துவிட்டுத் தலையை ஆட்டிக்கொள்வது. தலையாட்டுவதில் ஜப்பானியர்களுக்கும் நமக்கும் ஒரு பொருத்தம் உண்டு. சம்மதமா மறுப்பா என்று மூன்றாவது மனிதருக்குத் தெரியாது.

அந்தப் புதன்கிழமை நான் வாயைத் திறந்தேன். "நேற்று நீங்கள் இறந்துபோவதைப் பார்த்தேன்." இருபத்திரண்டு வருடம் இந்த நாட்டில் இருந்து, ஆங்கிலம் பேசிச் சம்பளம் வாங்குகிறவன், எழுபத்தெட்டு வயதுப் பெரியவரிடம் பேசிய முதல் வாக்கியம் இது.

அவர் தொட்டியின் கைப்பிடியை விட்டுவிட்டு நிமிர்ந்தார்.

"எந்தச் சாவு?" என்று கேட்டார்.

2

பெயர் கஜிதானி. ஊர் கியோத்தோ. மனைவி இறந்தபிறகு, இங்கே ஒரு மருந்து ஆராய்ச்சிக் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒரே மகள் யூகோ கூட்டிவந்து தன்னோடு வைத்துக்கொண்டாள். அவரும் நானும் பேசிக்கொள்வது ஆங்கிலத்தில். இருவருக்குமே அது சொந்த மொழி இல்லை என்பதால் அவசரம் கிடையாது. ஒருவர் வினைச்சொல்லைத் தேடிக்கொண்டிருக்கும்போது மற்றவர் டீயைக் குடித்து முடித்துவிடலாம்.

இருபத்தோரு வயதில் சினிமா ஸ்டூடியோவில் விளக்குத் தூக்கப் போனார். ஒருநாள் போலீஸ்காரராக நடிக்கவேண்டிய ஆள் வரவில்லை. வராதவருக்குத் தைத்த உடுப்பு இவருக்குக் கச்சிதமாக இருந்தது. "என் திறமையைக் கண்டுபிடித்தவர் ஒரு தையல்காரர்," என்றார்.

அதன்பிறகு நாற்பது வருடம். போலீஸ்காரர், ஸ்டேஷன் மாஸ்டர், விடுதி முதலாளி, வக்கீல் குமாஸ்தா, தீப்பிடித்துவிட்டது என்று ஓடிவந்து சொல்கிறவர். ஒரு தொடரில் பதினொரு வருடம் பெரிய அதிகாரிக்குக் கோப்பு எடுத்துக் கொடுத்திருக்கிறார். மூன்று படங்களில் கொலைகாரன் என்று கைதாகியிருக்கிறார். மூன்றிலும் கொலைகாரன் வேறு ஆள் என்று கடைசியில் தெரிந்து விட்டுவிட்டார்கள். எல்லாவற்றுக்கும் ஒரு நோட்டுப்புத்தகம் வைத்திருக்கிறார். தேதி, படம், வேஷம், சாவு என்று நாலு கட்டம். சாகாத படம் என்றால் கடைசிக் கட்டத்தில் ஒரு சின்ன வட்டம். நான் புரட்டிப் பார்த்தவரை வட்டங்கள் குறைவு.

கிரீன் கார்டு இன்டர்வியூவில் என்ன தொழில் என்று கேட்டார்களாம். நடிகர் என்றிருக்கிறார். அதிகாரிக்கு உற்சாகம் வந்து, "நான் பார்த்திருக்கக்கூடிய படம் ஏதாவது?" என்று கேட்டார். "படத்தைப் பார்த்திருப்பீர்கள். என்னைப் பார்த்திருக்கமாட்டீர்கள்," என்று இவர் சொன்னார். அதிகாரி கொஞ்சநேரம் யோசித்துவிட்டு 'ஓய்வு பெற்றவர்' என்று தட்டிக்கொண்டாராம்.

இதையெல்லாம் அவர் வருத்தத்தோடு சொல்லவில்லை, பெருமையோடும் சொல்லவில்லை. கோபியிலிருந்து சத்தியமங்கலத்துக்கு எந்த பஸ் என்று கேட்டால் சொல்வோமே, அந்தத் தொனி. வருத்தப்பட்டவன் நான்தான். எனக்கும் இதே உத்தியோகம்தானே? ஆறு பேர் இருக்கும் மீட்டிங்கில் ஐந்தாவது ஆளாக உட்கார்ந்து, பொருத்தமான இடத்தில் "குட் பாயிண்ட்" என்று சொல்வதற்காக ஒரு கம்பெனி எனக்குச் சம்பளம் தருகிறது. அவரோடு ஒப்பிட்டால் ஒரே வித்தியாசம், என் பதவிப்பெயருக்கு முன்னால் 'பிரின்சிபல்' என்று, தலைமை என்ற பொருளில், ஒரு சொல் இருக்கிறது.

3

அந்தச் சமயத்தில் எங்கள் தமிழ்ச் சங்கம் பொங்கல் விழாவுக்குச் சிறப்பு விருந்தினர் கிடைக்காமல் தவித்துக்கொண்டிருந்தது. சங்கத்தலைவர் ராமலிங்கம் திருப்பூர்க்காரர். சித்ரா யாரிடமோ சொல்லி, அது சுற்றிவந்து அவர் காதில் விழுந்திருக்கிறது. போன் வந்தது.

"ஏனுங்க, பக்கத்து வீட்லயே ஜப்பான் நடிகரை வெச்சுக்கிட்டுச் சும்மா இருக்கறீங்களாமா?"

"பெரிய நடிகர் இல்லீங்க தலைவரே. ஹீரோ கூட நிக்கற ஆளு."

"படத்துல வந்தாரா, இல்லீங்களா?"

"வந்தாருங்க."

"அப்புறமென்னங்க? போன வருசம் ஒரு டென்டிஸ்ட்டைக் கூப்பிட்டமே, அவரு எந்தப் படத்துல வந்தாரு? போய் இன்வைட் பண்ணுங்க மொதல்ல."

கஜிதானி மறுத்துவிடுவார் என்ற நம்பிக்கையில்தான் போய்க் கேட்டேன். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "யூகோவும் வரலாமா?"

"தாராளமாக. ஏன் கேட்கிறீர்கள்?"

அன்றைக்குத்தான் அந்தக் கதையைச் சொன்னார். யூகோ பள்ளிக்கூடத்தில் படித்தபோது, இடைவேளையில் பையன்கள் அவள் முன்னால் வந்து நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்து காட்டுவார்களாம். முந்தினநாள் டிவியில் அவள் அப்பா எப்படி விழுந்தாரோ, அச்சாக அப்படியே. எட்டு வயதில் ஒருநாள் அவள் ஒரு படிவத்தைக் கொண்டுவந்து நீட்டி, தகப்பன் தொழில் என்ற இடத்தில் 'கம்பெனி ஊழியர்' என்று எழுதச் சொன்னாள். அவர் எழுதிக் கொடுத்தார். அதன்பிறகு அவர் நடித்த எதையும் அவள் பார்த்ததில்லை. சண்டை, அழுகை ஒன்றும் கிடையாது. திரையில் அவர் வந்தால் பல் தேய்க்க எழுந்துபோய்விடுவாள். நாற்பது வருடத்துக்குமேல் ஆகிறது. அவர் தொழிலைப் பற்றிய பேச்சே அந்த வீட்டில் இல்லை.

"மேடையில் நான் என்ன வேலை செய்தேன் என்று நீங்கள் சொல்வீர்கள் அல்லவா?" என்று கேட்டார்.

"அறிமுக உரை நான்தான்."

"வேறொருவர் பேசும்போது அவள் எழுந்துபோகமாட்டாள். மரியாதை தெரிந்தவள். நான் சொன்னால் கேட்காததை நீங்கள் சொன்னால் கேட்பாள்." கோப்பையை மேஜையில் வைத்தார். "உள்ளதைச் சொன்னால் போதும்."

உள்ளதைச் சொல்லும்படி ஒரு தமிழ்ச் சங்கச் செயற்குழு உறுப்பினரிடம் கேட்டுக்கொண்ட முதல் மனிதர் அவராகத்தான் இருக்கவேண்டும்.

4

இங்கே என் பூர்வீகத்தைக் கொஞ்சம் சொல்லவேண்டும். பள்ளி விடுமுறைகளில் நான் கோபியில் மாமாவின் அச்சகத்தில் கிடந்தவன். கோயில் விசேஷம், காதுகுத்து, கட்சிக்கூட்டம் எல்லாவற்றுக்கும் நோட்டீஸ் அங்கேதான். மாமா வைத்திருந்த சட்டம் ஒன்றே ஒன்று. பட்டம் இல்லாமல் எந்தப் பெயரும் மெஷினில் ஏறக்கூடாது. ஒருமுறை நான் கும்பாபிஷேக நோட்டீஸில் ஒரு சுப்பிரமணியத்தை மொட்டையாகச் சுப்பிரமணியம் என்றே போட்டுவிட்டேன். அவர் நான்கு மைத்துனர்களோடு வந்து வாசலில் நின்றார். மாமா அவரை உட்காரவைத்துக் கலர் சோடா வாங்கிக்கொடுத்து, 'ஆன்மிகச் செம்மல்' என்று துண்டுக் காகிதத்தில் அடித்து, அத்தனை நோட்டீஸிலும் என்னை ஒட்டவைத்தார். "மை நம்மளது, காயிதம் அவங்களது. ரெண்டு வார்த்தை சேத்துப் போட்டா உனக்கு என்னடா கொறஞ்சுபோச்சு?" என்றார். விரலில் பசை காயக்காயக் கற்ற பாடம்.

இந்த ஊர் வேறுமாதிரி என்று நினைத்துத்தான் விமானம் ஏறினேன். என் கிரீன் கார்டுக்காக வக்கீல் எழுதிய கடிதம் நாலு பக்கம் இருந்தது. நான் ஒருவன் இல்லாவிட்டால் அமெரிக்காவின் டேட்டாபேஸ்களுக்கு நாதியில்லை என்பது அதன் சாரம். படித்துமுடித்ததும் அந்த மனிதரை ஒருமுறை நேரில் பார்க்கவேண்டும் என்று எனக்கே ஆசை வந்துவிட்டது. மாமாவின் அச்சகத்துக்கு இங்கேயும் கிளை இருக்கிறது என்று தெரிந்துகொண்டேன்.

ஆகவே ராமலிங்கம் போனில், "ஃப்ளையர்ல பட்டம் என்னங்க போடறது?" என்று கேட்டபோது நான் யோசிக்கவே இல்லை. கை தானாக எழுதியது. 'ஜப்பானியத் திரையுலகின் முடிசூடா மன்னன்.' நம் பிள்ளைகளும் படிக்கவேண்டுமே என்று கீழே ஆங்கிலத்திலும் அதையே போட்டேன்.

ஃப்ளையரை வடிவமைத்தது என் மகள் நிலா. பன்னிரண்டாம் வகுப்பு. சங்கத்தின்மேல் உள்ள பற்றால் அல்ல, காலேஜுக்கு அப்ளை பண்ண வாலன்டியர் நேரம் வேண்டும் என்பதால். நான் தமிழில் கேட்பேன், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். எங்கள் வீட்டின் மொழிக்கொள்கை அது. கஜிதானி கொடுத்திருந்த புகைப்படத்தில் ஒரு நாற்காலியில் யாரோ உட்கார்ந்திருந்தார், இவர் ஓரமாக டீத்தட்டோடு நின்றார். ஃப்ளையரில் இவர் மட்டும் நடுவில், தலைக்குப் பின்னால் பொன்கதிர்கள் வீச, தட்டை நீட்டியபடி நின்றார்.

"நாற்காலியில இருந்தவர் எங்கம்மா?"

"தேர் வாஸ் சம் கை இன் த மிடில், டாட். ஐ ரிமூவ்ட் ஹிம்."

"தட்டு?"

"தட் வாஸ் ஹார்டர்."

அவள் நீக்கிய ஆள், ஒரு காலத்தில் ஜப்பானே எழுந்துநின்று வணங்கிய கதாநாயகர் என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. நம் ஊரில் அந்தமாதிரி ஒரு முகத்தை வெட்டியிருந்தால் நாலு தியேட்டரில் கண்ணாடி மிஞ்சியிருக்காது.

5

ஒரு சனிக்கிழமை மத்தியானம் யூகோ எங்கள் கதவைத் தட்டினாள். கையில் இஞ்சிப் பை. நம் ஆட்களின் மளிகைக்கடைக்குப் போயிருக்கிறாள். கண்ணாடிக் கதவில் தோசைமாவு விளம்பரத்துக்கும் கணக்கு டியூஷன் விளம்பரத்துக்கும் நடுவில், பொன்கதிர்களோடு அவள் அப்பா நின்றிருக்கிறார்.

"ஒன்று கேட்கவேண்டும். என் அப்பா தன்னைப் பற்றி உங்களிடம் என்ன சொன்னார்?"

"துணை நடிகர் என்று சொன்னார்."

"ராஜா என்று சொல்லவில்லையா?"

"அது நான் எழுதியது. மன்னித்துக்கொள்ளுங்கள். எங்கள் வழக்கம்..."

அவள் என்னை இரக்கத்தோடு பார்த்தாள். "நீங்கள் நல்ல மனிதர். அவரைக் காப்பாற்றப் பார்க்கிறீர்கள்."

"இல்லை, உண்மையாகவே நான்தான்."

"மிகவும் நன்றி." லேசாகத் தலைகுனிந்தாள். "என் அப்பா பொய் சொல்லி நான் பார்த்ததில்லை. அதனால் இரண்டில் ஒன்று. இந்த வயதில் புதிதாக ஆரம்பித்திருக்கிறார். அல்லது தான் அப்படித்தான் இருந்தோம் என்று அவருக்கே நினைவு வர ஆரம்பித்திருக்கிறது. எது என்று தெரியவில்லை. வியாழக்கிழமை மறதிக்கான டாக்டரிடம் அப்பாயின்ட்மென்ட் வாங்கியிருக்கிறேன். விழாவுக்கு அவர் வரமாட்டார். நானும் வரவில்லை. தப்பாக நினைக்கவேண்டாம்."

நான் மறுபடியும் குற்றத்தை ஒப்புக்கொண்டேன். அவள் மறுபடியும் நன்றி சொன்னாள். ஒவ்வொரு தடவை ஒப்புக்கொள்ளும்போதும் அவள் பார்வையில் நான் உயர்ந்துகொண்டே போனேன்.

அடுத்த புதன்கிழமை கஜிதானி தொட்டியோடு வந்தார். நான் ஓடிப்போய் நின்றேன்.

"படம் நன்றாக வந்திருக்கிறது," என்றார். "மூத்தவர் எங்கே?"

"எங்கள் தவறு, கஜிதானி-சான்," என்று ஜப்பானிய மரியாதைச் சொல்லையும் சேர்த்துச் சொன்னேன்.

"எனக்கு நடிக்கக் கற்றுக்கொடுத்தது அவர்தான். முதல் வருடம் என் பெயர்கூட அவருக்குத் தெரியாது. ஆனால் ஒருநாளும் என்னை இடித்துக்கொண்டு நடந்ததில்லை." தொட்டியின் மூடியை அழுத்தி மூடினார். "நேற்றுக் காலை யூகோ என்னிடம் இன்றைக்கு என்ன கிழமை என்று கேட்டாள். சொன்னேன். இந்த நாட்டு ஜனாதிபதி யார் என்று கேட்டாள். சொன்னேன். அந்த வார்த்தையை நீங்கள்தான் எழுதினீர்கள் என்றும் சொன்னேன். சரி அப்பா என்றாள்."

தலையாட்டாமல் உள்ளே போய்விட்டார். மூன்று வருடத்தில் அது முதல்முறை.

6

"பொய்யைக் கூசாம எழுதத் தெரியுது, உண்மையை ஒருத்தரை நம்பவைக்கத் தெரியல," என்றாள் சித்ரா. "அந்த மனுசனுக்குப் பைத்தியம்னு டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போகப்போறா அந்தப் பொண்ணு. நீங்க இங்க உக்காந்து காப்பி குடிங்க."

"என்ன செய்யச் சொல்ற? சத்தியம் பண்ணினாலும் தேங்க்யூங்கறா."

"கராஜ்ல ஒரு பெட்டி நெறைய அந்த நோட்டீஸுங்களை வெச்சிருக்கீங்கல்ல? குப்பைல போடுங்கன்னு பத்து வருசமாக் கத்தறேன். அதைத் தூக்கிட்டுப் போங்க."

அது வாசகங்களெல்லாம் நானே எழுதிய, பதினைந்து வருட விழாக்களின் ஃப்ளையர் சேகரம். இறந்தபிறகு யாராவது தொகுப்பார்கள் என்று வைத்திருந்தேன். பெட்டியைத் தூக்கிக்கொண்டு, சாட்சிக்கு நிலாவையும் கூட்டிக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போனேன். யூகோ தயக்கத்தோடு உள்ளே விட்டாள். கஜிதானி மாடியில் இருந்தார். சாப்பாட்டு மேஜையில் ஒவ்வொன்றாகப் பரப்பினேன்.

"'உலகம் போற்றும் மருத்துவ மேதை'," என்று முதலாவதை வாசித்து ஆங்கிலத்தில் சொன்னேன்.

"யார் இவர்?" என்றாள் யூகோ.

"மை டென்டிஸ்ட்," என்றாள் நிலா.

"'கொடைக்கடல்'. வாரிவழங்கும் பெருங்கடல் என்று பொருள்."

"ஹி கேவ் அஸ் சிக்ஸ் ஃபோல்டிங் சேர்ஸ். டூ ஆர் ப்ரோக்கன்."

"'கலைத்தாயின் தவப்புதல்வி'."

"ஷி வாஸ் நைன்," என்றாள் நிலா. "ஷி க்ரைட் அண்ட் லெஃப்ட் த ஸ்டேஜ்."

யூகோ ஒவ்வொரு முகத்தையும் குனிந்து பார்த்துக்கொண்டு வந்தாள். உதடு லேசாக அசைந்தது. அடியில் இருந்த ஒன்றை அவளே உருவி எடுத்தாள். அதில் தாடையில் கைவைத்து வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது நான்.

"இது நீங்கள்."

"ஆமாம்."

"என்ன எழுதியிருக்கிறது?"

அதைத் திரும்ப வாங்கக் கையை நீட்டினேன். நிலா எட்டிப்பார்த்தாள். தமிழ் படிக்க வராது என்று பதினேழு வருடமாகச் சாதித்துவந்தவள், ஒவ்வொரு எழுத்தாக, தடுக்கித்தடுக்கி, சரியாகவே வாசித்தாள். "சொல்... லின்... வேந்... தர்." பிறகு யூகோவிடம் திரும்பி, "கிங் ஆஃப் வேர்ட்ஸ்," என்றாள்.

"என்ன எழுதியிருக்கிறார்?"

"ஹி ஃபார்வர்ட்ஸ் வாட்ஸ்அப் மெசேஜஸ்."

யூகோ வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். தோள் குலுங்கச் சிரித்தவள் நடுவில் சட்டென்று நின்றாள். மேஜை முழுக்கக் கிடந்த மேதைகளையும் வேந்தர்களையும் ஒருமுறை பார்த்தாள்.

"அப்படியானால் அவர் ஒன்றுமே சொல்லவில்லை."

"உள்ளதைச் சொன்னால் போதும் என்றார். அவ்வளவுதான்."

"நான் அவரிடம் ஜனாதிபதி பெயர் கேட்டேன்," என்றாள். பிறகு போனை எடுத்து, வியாழக்கிழமை அப்பாயின்ட்மென்டை எங்கள் எதிரிலேயே கேன்சல் பண்ணினாள். "நீங்கள் உள்ளதை மட்டும் சொல்வதாக இருந்தால் நாங்கள் வருகிறோம்."

7

பொங்கல் விழா ஒரு பள்ளிக்கூட அரங்கத்தில். அதற்கு ஒன்பது பக்கப் படிவம் பூர்த்தி செய்யவேண்டும். திறந்த நெருப்பு உண்டா என்ற கேள்விக்கு இல்லை என்று எழுதிவிட்டு, மைக்ரோவேவில் பொங்கல் வைத்தோம்.

மேடைக்குப் பின்னால் ராமலிங்கம் என் கையைப் பிடித்துக்கொண்டார். "ஏனுங்க, சொல்றதக் கேளுங்க. துணை நடிகர்னு சொன்னீங்கன்னா சனம் அப்படியே எந்திரிச்சு சாப்பாட்டு லைனுக்குப் போயிரும். அடுத்து நான் பேசோணும்."

"வாக்குக் குடுத்துட்டேனுங்க தலைவரே."

"நீங்க என்னைக்குங்க வாக்குக் காப்பாத்துனீங்க? இன்னைக்குத்தான் நாளா?"

மைக்கின் முன்னால் நின்றேன். "இவர் கஜிதானி. நாற்பது வருடம் ஜப்பானில் துணை நடிகராக இருந்தார். எந்தப் படத்திலும் கதாநாயகன் இல்லை. ஃப்ளையரில் உள்ள பட்டம் நான் எழுதிய பொய். அந்தப் படத்தில் ஒரு பெரிய நடிகர் நடுவில் உட்கார்ந்திருந்தார், அவரை வெட்டியதும் நாங்கள்தான். இவர் அவருக்கு டீ கொண்டுபோனவர். அதைத்தான் இவர் வாழ்நாள் முழுக்கச் செய்தார்." தமிழிலும் ஆங்கிலத்திலும் சொன்னேன். பட்டம் இல்லாமல் பேசி எனக்குப் பழக்கமில்லை, ஒன்றரை நிமிடத்தில் முடிந்துவிட்டது.

"அப்ப மன்னர் யாருங்க?" என்று பின்வரிசையில் ஒருவர் கேட்டார். சிரிப்பு. கஜிதானி எழுந்து குனிந்து வணங்கிவிட்டு உட்கார்ந்தார். நாற்காலிகள் நகரும் சத்தம் கேட்க ஆரம்பித்தது. நான் கீழே இறங்கி யூகோவின் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவள் நேராகப் பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

ராமலிங்கம் பேச ஆரம்பித்தார். தலைப்பு, தமிழுக்கும் ஜப்பானுக்கும் உள்ள தொன்மைத் தொடர்பு. அவர் பேச்சு ஒவ்வொரு வருடமும் இருபத்தைந்து நிமிடம். இரண்டாவது நிமிடத்தில் கூட்டம் கலையும். இது எல்லோரும் ஏற்றுக்கொண்ட ஏற்பாடு.

அன்றைக்கு மேடையில் கஜிதானி கேட்டுக்கொண்டிருந்தார். பெரிதாக ஒன்றும் செய்யவில்லை. நாற்காலியில் ஒரு விரற்கடை திரும்பி, ராமலிங்கத்தின் முகத்தில் கண்ணை வைத்தார். பேச்சில் ஒரு வார்த்தை அவருக்குத் தெரியாது. தலைவர் குரலை உயர்த்தும்போது இவருடைய முதுகு கொஞ்சம் நிமிர்ந்தது. தலைவர் ஒரு ஜோக் சொன்னார், இவர் சிரிக்கவில்லை, சிரிப்பு வரப்போகிற இடத்தில் நின்றார், அவரை முந்திக்கொண்டு கூட்டம் சிரித்தது. தலைவர் ஒரு வரியை மறந்து பாக்கெட்டில் துண்டுச்சீட்டைத் தேடினார். இவர் தேடுகிற கையைப் பார்க்காமல் முகத்தையே பார்த்துக் காத்திருந்தார், அடுத்து வரப்போவது காத்திருக்கத் தகுந்தது என்பதுபோல. எழுந்தவர்கள் எழுந்த இடத்தில் நின்றார்கள். சிலர் உட்கார்ந்தார்கள். போன்கள் மடிக்குப் போயின. வாசலில் வடைத்தட்டோடு நின்ற ஒரு ஆன்ட்டி தட்டை மறந்துவிட்டு மேடையைப் பார்த்தார். பத்து நிமிடம் போனபிறகு எனக்கு ஒன்று விளங்கியது. ராமலிங்கம் நன்றாகப் பேசிக்கொண்டிருந்தார். இத்தனை வருடத்தில் இல்லாத நிதானத்தோடு, ஒருவர் கேட்கிறார் என்ற நம்பிக்கையில், வாக்கியங்களை முடித்து முடித்துப் பேசினார்.

யூகோ என் பக்கம் சாய்ந்தாள். "அவர் என்ன சொல்கிறார்?"

"தலைவரா? வழக்கமாகச் சொல்வதுதான்."

"இல்லை, ஏதோ முக்கியமாகச் சொல்கிறார். மொழிபெயருங்கள்."

வாக்கியம் வாக்கியமாக மொழிபெயர்த்தேன். பாதியில் அவள் கையைக் காட்டி என்னை நிறுத்தினாள். மேடையைப் பார்த்தாள். தலைவரைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள், மறுபடி தலைவரைப் பார்த்தாள். "ஓ," என்றாள், மிகவும் மெதுவாக.

பொன்னாடை போர்த்தி முடிந்ததும் ராமலிங்கம் வேர்வையோடு என்னிடம் வந்தார். "பாத்தீங்களா? ஒருத்தன் எந்திரிக்கல. இனி வருசாவருசம் நாற்பது நிமிசம் பேசலாமுங்க."

8

அடுத்த ஞாயிற்றுக்கிழமை யூகோ எங்களைச் சாயங்காலம் டீக்கு அழைத்தாள். கூடத்தில் டிவியின் முன்னால் நாற்காலிகள் போட்டிருந்தன. அவள் கையில் அந்த நோட்டுப்புத்தகம். கண்ணை மூடிக்கொண்டு ஒரு பக்கத்தைத் திறந்து விரலை வைத்ததாகவும், அந்தப் படம் கிடைத்துவிட்டதாகவும் சொன்னாள். நானும் சித்ராவும் இருந்ததால் அப்பாவும் மகளும் ஆங்கிலத்திலேயே பேசிக்கொண்டார்கள். கஜிதானி சோபாவின் ஓரத்தில், பஸ்ஸில் பக்கத்து ஆளுக்கு இடம் விட்டு உட்காருகிறவர் மாதிரி உட்கார்ந்திருந்தார்.

நிறம் மங்கிய படத்தில் ஒரு பாலம். மழை. கதாநாயகன் ஒரு பெண்ணிடம் நெடுநேரம் ஏதோ சொல்கிறான். பின்னால் வேலைக்காரன் வேஷத்தில் கஜிதானி அவனுக்குக் குடை பிடித்துக்கொண்டிருந்தார். யூகோ ரிமோட்டை எடுத்துக் காட்சியை நிறுத்தினாள்.

"உங்கள் பாதி உடம்பு வெளியே இருக்கிறது," என்றாள்.

"குடை சின்னது."

"எவ்வளவு நேரம்?"

"காலையிலிருந்து வெளிச்சம் போகும்வரை. அன்றைக்கு மூத்தவருக்கு வசனம் வரவில்லை."

"காய்ச்சல் வந்திருக்குமே."

"மூன்று நாள். உன் அம்மா திட்டினாள். நீ எனக்கு விசிறிவிட்டாய், உனக்கு நினைவிருக்காது. நாலு வயது."

யூகோ எழுந்தாள். திரைக்குப் பக்கத்தில் போய், குடைக்கு வெளியே இருந்த அந்தத் தோளைப் பார்த்தாள். திரும்பிவந்து உட்கார்ந்து, காட்சியைப் பாலத்தின் தொடக்கத்துக்குக் கொண்டுபோனாள்.

"சத்தத்தைக் குறைத்துக்கொள்," என்றார் கஜிதானி. "இதில் எனக்கு வசனம் கிடையாது."

அவள் இரண்டு புள்ளி கூட்டினாள்.